பின்னல் பாண்: ஜேர்மனியிலிருந்து நமது போறணைக்கு

ஜேர்மன் மொழியில் 'ட்சொப்ஃப்' என்றால் தலைமுடிப் பின்னல். 'நுஸ்' என்றால் ஓட்டுக்குள் இருக்கும் பருப்பு. இவ்விரண்டு சொற்களையும் சேர்த்து 'நுஸ்ட்சொப்ஃப்' என்று ஓர் இனிப்புப் பாணுக்குப் பெயர் வைத்திருக்கிறார்கள். பாலும் பட்டரும் முட்டையும் சேர்த்துக் குழைத்த மாவை மதுவத்தால் (ஈஸ்ட்) பொங்க வைத்து, தட்டையாக உருட்டி, அரைத்த ஹேசல்நட் பருப்பையும் கறுவாவையும் அதன்மேல் பரப்பி, பாயைச் சுருட்டுவதுபோல் சுருட்டி, நீளவாக்கில் பிளந்து, இரண்டு புரியாகப் பின்னிச் சுட்டெடுப்பதே இந்தப் பாண். வெட்டிப் பார்த்தால் வெண்மையான பாணுக்குள் பழுப்பு நிறப் பருப்பு கோடுகோடாக வளைந்து செல்வது தெரியும். நம்மூர் பேக்கரிகளின் பணிஸை விட மென்மையானது. கேக்கை விட இனிப்புக் குறைந்தது.

ஜேர்மனியர்கள் பாணைச் சாதாரண உணவாக நினைப்பதில்லை. அங்கே 3000க்கும் அதிகமான பாண் வகைகள் பதிவு செய்யப்பட்டுள்ளன. அந்நாட்டின் மரபுரிமைப் பட்டியலில் 'ஜேர்மன் பாண் பண்பாடு' 2014இல் சேர்க்கப்பட்டது. ஞாயிற்றுக்கிழமை பிற்பகலில் கோப்பியும் ஏதாவது ஓர் இனிப்புப் பதார்த்தமும் வைத்துக்கொண்டு குடும்பமாக உட்காருவது அவர்களின் வழக்கம். பின்னல் பாணுக்கு அந்த மேசையில் ஓர் இடம் உண்டு.

ஜேர்மனியில் குடியிருக்கும் என் சாச்சி இதன் செய்முறையைக் கைத்தொலைபேசியில் அனுப்பியிருந்தார். மா, பால், பட்டர், முட்டை என்று வந்த பட்டியலின் கடைசி வரியில் 'றம், இரண்டு மேசைக்கரண்டி' என்றிருந்தது. தன் வீட்டில் அதைச் சேர்ப்பதில்லை என்று சாச்சி கீழே குறிப்பும் எழுதியிருந்தார்.

"அது எங்கட வீட்டுக்குள்ள வராது மகள்" என்றார் உம்மா.

"சரி, அத விட்டுட்டுச் செஞ்சா அது ஜேர்மன் பாண் ஆகுமா?" என்று கேட்டார் வாப்பா.

உம்மாவின் சொல்லில் விவாதத்துக்கு இடமில்லை. வாப்பாவின் கேள்விக்குத்தான் விடை தேட வேண்டியிருந்தது. றம் மட்டுமல்ல, ஹேசல்நட்டும் நம் ஊரில் எளிதாகக் கிடைப்பதில்லை. கிடைத்தாலும் விலை அதிகம். ஒன்றை விலக்கி, இன்னொன்றை மாற்றினால் என்ன மிஞ்சும்? ஒவ்வொரு பொருளும் அந்தப் பாணுக்குள் என்ன வேலை செய்கிறது என்று பார்த்தால்தான் இதற்கு விடை கிடைக்கும்.

றம்முக்கு அங்கே என்ன வேலை?

இந்தப் பாணில் றம் செய்வது இரண்டே வேலைகள். ஒன்று, பருப்புக் கலவைக்கு ஈரம் கொடுப்பது. மற்றது, மணம் சேர்ப்பது. பாண் பொங்குவதற்கோ வேகுவதற்கோ அது தேவையில்லை. பால் மட்டும் ஊற்றிக் கலவையைக் குழைக்கும் ஜேர்மன் வீடுகளும் நிறைய உண்டு. ஆகவே அது இந்தப் பாணின் அடிப்படைப் பொருள் அல்ல. ஈரத்துக்குச் சூடான பால், மணத்துக்குத் தோடம்பழச் சாறும் தேசிக்காய்த் தோலின் துருவலும் என்று வைத்துக்கொண்டால் அந்த இரண்டு வேலைகளும் நடந்துவிடும்.

"போறணைச் சூட்டில் மதுசாரம் ஆவியாகிப் போய்விடும்தானே, பிறகென்ன?" என்று சிலர் கேட்பதுண்டு. இரசாயனம் இதை முழுமையாக ஏற்பதில்லை. தூய எதனோல் ஏறத்தாழ 78 பாகை செல்சியஸில் கொதிக்கும் என்பது உண்மை. ஆனால் நீருடன் கலந்த எதனோல் அப்படி ஒரேயடியாகப் பிரிந்து போய்விடாது. போறணை 180 பாகையில் இருந்தாலும் பாணின் உட்பகுதி 100 பாகையைத் தாண்டுவதில்லை. அரை மணித்தியாலம் சுட்ட பிறகும் சேர்த்ததில் ஒரு பகுதி உள்ளே தங்கிவிடும். அதற்கும் மேலாக, நமக்கு இது எவ்வளவு மிஞ்சுகிறது என்ற கணக்கு மட்டுமல்ல. மதுவை வாங்கி உணவில் ஊற்றுவதே நமக்கு ஆகாத செயல்.

இதைக் கேட்டுக்கொண்டிருந்த என் தங்கை, "அப்ப மதுவத்திலயும் மது எண்டு இருக்கே ராத்தா?" என்று கேட்டாள். நல்ல கேள்விதான். நமது பாடநூல்கள் ஈஸ்டை மதுவம் என்று அழைப்பது காரணத்தோடுதான். அது சீனியை உடைக்கும்போது காபனீரொட்சைட்டும் எதனோலும் உண்டாகின்றன. நாம் தினமும் உண்ணும் பாணிலும் இது நடக்கிறது. ஆனால் அங்கே உண்டாகும் அளவு மிகச் சிறியது; அதில் பெரும்பகுதி போறணையில் வெளியேறிவிடுகிறது. எவ்வளவு பாண் உண்டாலும் யாருக்கும் போதை ஏறுவதில்லை. முஸ்லிம் உலகம் முழுவதும் புளிக்க வைத்த மாவில் சுட்ட ரொட்டியையும் பாணையும் காலங்காலமாக ஹலாலான உணவாகவே உண்டு வருகிறது. தானாக நிகழும் நொதித்தலும், போத்தலில் வாங்கி ஊற்றும் மதுவும் ஒன்றல்ல.

அவர்களும் கேட்ட கேள்வி

'இது கூடுமா, கூடாதா' என்று பார்த்துச் சமைப்பது நமக்கு மட்டும் உரிய பழக்கம் அல்ல. பின்னல் பாணுக்கு நெருங்கிய உறவான இன்னோர் இனிப்புப் பாண் ஜேர்மனியில் உண்டு. டிரெஸ்டன் நகரத்தின் 'ஷ்டொலன்' என்பது அதன் பெயர். நத்தாருக்கு முந்திய நோன்பு நாட்களில் பட்டர் உண்பதைக் கிறிஸ்தவத் திருச்சபை அக்காலத்தில் தடுத்திருந்தது. அதனால் அந்தப் பாணை எண்ணெயில் செய்தார்கள். சுவை நன்றாக இருக்கவில்லை. சாக்சனி ஆட்சியாளர்கள் பட்டருக்கு அனுமதி கேட்டு உரோமாபுரிக்கு எழுதினார்கள். 1491இல் பாப்பரசர் எட்டாம் இனசென்ட் சில நிபந்தனைகளுடன் அனுமதி வழங்கினார். அக்கடிதத்தை இன்றும் 'பட்டர்க் கடிதம்' என்றே அழைக்கிறார்கள். ஆக, ஜேர்மன் இனிப்புப் பாணின் வரலாற்றிலேயே மார்க்கச் சட்டத்துக்காக ஒரு பொருளை விலக்குவதும், அதற்காக மாற்றுப்பொருள் தேடுவதும் இருக்கின்றன.

இன்று ஜேர்மனியில் 50 இலட்சத்துக்கும் அதிகமான முஸ்லிம்கள் வாழ்கிறார்கள். 1961 ஒக்டோபரில் அந்நாடு துருக்கியுடன் செய்துகொண்ட தொழிலாளர் ஒப்பந்தத்தின் பின் பெரும் எண்ணிக்கையானோர் அங்கு சென்றார்கள். பேக்கரிக்குள் நுழையும் ஒவ்வொரு முறையும் "இதில் மதுசாரம் இருக்கிறதா, பன்றிக்கொழுப்பு இருக்கிறதா?" என்று கேட்பதே தன் வழக்கம் என்கிறார் சாச்சி. ஐரோப்பிய ஒன்றியச் சட்டப்படி, ஒவ்வாமை உண்டாக்கும் 14 வகை உணவுகளைப் பற்றிய விவரத்தைப் பொதி செய்யாத பாணுக்கும் கொடுக்க வேண்டும். இது 2014 டிசம்பரிலிருந்து நடைமுறையில் உள்ளது. ஓட்டுப் பருப்புகளும் கச்சானும் கோதுமையும் அந்தப் பதினான்கில் அடங்கும். மதுசாரம் அதில் இல்லை. அதனால் கேட்டுத்தான் அறிய வேண்டும்.

வீட்டில் செய்யும்போது நாமும் பொதிகளைப் படிக்க வேண்டியுள்ளது. சில வனிலா எசன்ஸ்கள் மதுசாரத்தில் கரைக்கப்பட்டவை. உடனடி ஈஸ்ட் பொதியில் ஈ491 என்ற கூட்டுப்பொருளும், மாஜரினில் ஈ471 என்பதும் இருக்கலாம். இவை கொழுப்பமிலங்களிலிருந்து செய்யப்படுகின்றன. அந்தக் கொழுப்பு தாவரத்திலிருந்தும் வரலாம், விலங்கிலிருந்தும் வரலாம். ஹலால் இலச்சினை உள்ள பொதியை வாங்கினால் இந்த ஐயம் வராது.

உயிரா, நொதியமா?

பாணைப் பொங்கச் செய்வது மதுவம் என்பதை நாம் அறிவோம். ஆனால் உயிருள்ள மதுவக் கலமேதான் அதைச் செய்கிறதா, அல்லது கலத்துக்குள் இருக்கும் ஏதோ ஒரு பொருள் செய்கிறதா என்பது 19ஆம் நூற்றாண்டில் பெரிய சர்ச்சையாக இருந்தது. உயிர் இல்லாமல் நொதித்தல் இல்லை என்றார் பிரான்ஸ் நாட்டு லூயி பாஸ்டர். அது வெறும் இரசாயனத் தாக்கமே என்றார் ஜேர்மனியின் லீபிக்.

1897இல் எடுவார்ட் புக்னர் என்ற ஜேர்மன் இரசாயனவியலாளர் இதற்கு விடை தந்தார். அவர் மதுவத்தை மணலுடன் சேர்த்து அரைத்து, கலங்களை உடைத்து, சாறு பிழிந்தார். அந்தச் சாறு பழுதாகாமல் இருக்கச் சீனி சேர்த்தார். சற்று நேரத்தில் குமிழிகள் எழுந்தன. உயிருள்ள கலம் ஒன்றுகூட இல்லாத சாற்றில் நொதித்தல் நடந்துகொண்டிருந்தது! அந்த வேலையைச் செய்த பொருளுக்கு அவர் 'சைமேசு' என்று பெயரிட்டார். 1907இல் இரசாயனத்துக்கான நோபல் பரிசு அவருக்குக் கிடைத்தது. நாம் உயர்தர உயிரியலில் படிக்கும் நொதியங்களின் பாடம் பெரிதும் இந்தச் சாற்றிலிருந்துதான் வளர்ந்தது.

ஒரு குளுக்கோசு மூலக்கூறு இரண்டு எதனோல் மூலக்கூறுகளையும் இரண்டு காபனீரொட்சைட்டு மூலக்கூறுகளையும் தருகிறது. அந்த வாயுவைப் பிடித்து வைப்பது கோதுமை மாவின் புரதம். மாவில் நீர் பட்டுப் பிசையும்போது கிளையடின், குளூட்டெனின் என்ற இரு புரதங்கள் இணைந்து குளூட்டன் வலையாக மாறுகின்றன. பலூன் போல நீண்டு வாயுவை உள்ளே அடைத்து வைப்பது இந்த வலைதான். அரிசி மாவில் இந்த வலை உருவாகாது. அதனால்தான் அரிசி மாவில் மட்டும் இப்படியொரு பாண் செய்ய முடியாது.

இதிலிருந்து மூன்று சமையல் உண்மைகள் கிடைக்கின்றன. முதலாவது, பட்டரை ஆரம்பத்திலேயே சேர்க்கக் கூடாது. கொழுப்பு புரதத்தின்மேல் படிந்தால் நீர் எளிதில் சேராது. வலை உருவாகத் தாமதமாகும். மாவைச் சற்றுப் பிசைந்த பின் பட்டரைச் சேர்ப்பதே முறை. இரண்டாவது, சீனி அளவோடு இருக்க வேண்டும். சீனி மிகுந்தால் பிரசாரணத்தால் மதுவக் கலத்திலிருந்து நீர் வெளியேறி அது சோர்ந்துவிடும். மூன்றாவது, பால் கைபொறுக்கும் சூட்டில், 35 முதல் 40 பாகைக்குள் இருக்க வேண்டும். 60 பாகையை எட்டினால் மதுவம் இறந்துவிடும்.

நமது வெப்பநிலையையும் கணக்கில் எடுக்க வேண்டும். ஜேர்மன் செய்முறைகள் 'வெதுவெதுப்பான இடத்தில் வைக்கவும்' என்று சொல்வது அங்கே குளிர் என்பதால். கொழும்பிலோ புத்தளத்திலோ சமையலறையே வெதுவெதுப்பான இடம்தான். நேரத்தைப் பார்க்காமல் மாவைப் பாருங்கள். அது இரு மடங்காகிவிட்டால் போதும். விரலால் இலேசாக அழுத்தினால் பள்ளம் மெதுவாக மேலெழ வேண்டும். உடனே எழுந்தால் இன்னும் நேரம் வேண்டும். எழாமல் அமிழ்ந்தே போனால் நேரம் கடந்துவிட்டது. நடுவில் மின்சாரம் நின்றுபோனால் மாவை மூடிக் குளிர்சாதனப் பெட்டிக்குள் வைத்துவிடலாம். குளிரில் மதுவம் மெதுவாக வேலை செய்யும், மா வீணாகாது.

பருப்பின் வழி

ஹேசல்நட் ஜேர்மன் பெயரில் அழைக்கப்பட்டாலும் அந்தப் பருப்பில் பெரும்பகுதி ஜேர்மனியில் விளைவதில்லை. உலகில் விளையும் ஹேசல்நட்டில் பாதிக்கும் அதிகமானது துருக்கியின் கருங்கடற் கரையோரத்திலிருந்து வருகிறது. ஒர்து, கிரேசுன், திரப்சோன் ஆகிய மாகாணங்களின் மலைச்சரிவுகளில் சிறு விவசாயக் குடும்பங்கள் ஓகஸ்ட் மாதத்தில் அதை அறுவடை செய்கின்றன. ஜேர்மன் மேசைக்கு வரும் பின்னல் பாணுக்குள் ஒரு முஸ்லிம் விவசாயியின் உழைப்பும் இருக்கக்கூடும் என்பதை எண்ணும்போது மனதுக்கு மகிழ்ச்சியாக இருக்கிறது.

நமக்கு அருகில் இருப்பது கஜு. புத்தளத்திலும் மட்டக்களப்பிலும் விளைகிறது. கொழும்பு-கண்டி வீதியில் கஜுகமவைக் கடக்கும் எவரும் அதை மறக்க மாட்டார்கள். முழுக் கஜுவை விட உடைந்த கஜு விலை குறைவு. எப்படியும் அரைக்கத்தான் போகிறோம் என்பதால் அதுவே போதும். ஆனால் ஒன்றுக்குப் பதில் மற்றொன்றை அப்படியே போட முடியாது. ஹேசல்நட்டில் ஏறத்தாழ 60 சதவீதம் கொழுப்பு. கஜுவில் 45 சதவீதமளவே கொழுப்பு, மாப்பொருள் அதிகம். மாப்பொருள் ஈரத்தை உறிஞ்சும். அதனால் கஜுக் கலவைக்குப் பால் சற்றுக் கூடுதலாகவும் ஒரு மேசைக்கரண்டி உருக்கிய பட்டரும் சேர்க்க வேண்டும்.

இன்னும் சிக்கனமாகச் செய்ய விரும்பினால் பாதி கஜுவும் பாதி கச்சானும் கலக்கலாம். தாவரவியல்படி கச்சான் ஓட்டுப் பருப்பு அல்ல. அவரைக் குடும்பத்தைச் சேர்ந்தது. வறுத்தால் மணம் நன்றாக வரும். ஆனால் கச்சான் வாங்கும்போது கவனம் தேவை. ஈரமான இடத்தில் வைத்த கச்சானில் வளரும் சில பங்கசுகள் அஃப்ளாடொக்சின் என்ற நஞ்சை உண்டாக்குகின்றன. அது ஈரலைப் பாதிக்கக் கூடியது. வறுத்தாலும் சுட்டாலும் முழுமையாக அழியாது. சுருங்கியதையும் நிறம் மாறியதையும் பூஞ்சணம் பிடித்ததையும் பொறுக்கி எறிந்துவிட வேண்டும். 'வீணாக்கக் கூடாது' என்ற எண்ணத்தில் அவற்றை அரைப்பதற்கென்று ஒதுக்கி வைக்கும் பழக்கம் ஆபத்தானது.

எந்தப் பருப்பானாலும் அரைப்பதற்கு முன் வறுக்க வேண்டும். வறுக்கும்போதுதான் அதன் புரதமும் சீனியும் தாக்கமுற்று மணம் பிறக்கிறது. நம் வீடுகளில் கறிக்கு வறுத்த தூள் சேர்ப்பதும் இதே காரணத்துக்காகத்தான்.

நமது கறுவா

இந்தப் பாணில் நம் நாட்டுக்கு நேரடியாக உரிய ஒரு பொருளும் உண்டு. அதுதான் கறுவா. ஜேர்மனியர்கள் கறுவாவை மிகவும் விரும்புகிறவர்கள். ஆனால் மலிவான கறுவாத் தூள் பெரும்பாலும் கசியா என்ற வேறு இனத்தின் பட்டையிலிருந்து வருகிறது. அதில் கூமரின் என்ற பொருள் அதிகம். அளவு கூடினால் அது ஈரலைப் பாதிக்கும். ஜேர்மன் அரசின் இடர் மதிப்பீட்டு நிறுவனம் 2006இல் கறுவா சேர்த்த நத்தார்ப் பிஸ்கட்டுகளில் கூமரின் அதிகமாக இருப்பதாக எச்சரித்தது. சிறு பிள்ளைகள் அவற்றை அதிகம் உண்ணக் கூடாது என்றும் சொன்னது. இலங்கைக் கறுவாவில் கூமரின் மிகக் குறைவு. அந்த எச்சரிக்கையின்பின் ஜேர்மன் தாய்மார் பலர் பொதியில் 'சிலோன்' என்ற சொல்லைத் தேட இன்னொரு காரணம் கிடைத்தது.

2022இல் ஐரோப்பிய ஒன்றியம் 'சிலோன் கறுவா' என்ற பெயருக்குப் புவிசார் குறியீட்டுப் பாதுகாப்பு வழங்கியது. அந்தப் பாதுகாப்பைப் பெற்ற முதல் இலங்கை உற்பத்தி இதுவே. இரண்டையும் வேறுபடுத்துவது எளிது. நமது கறுவாக் குச்சியில் கடதாசி போன்ற மெல்லிய பட்டைகள் பல அடுக்காகச் சுருண்டிருக்கும். கசியா ஒற்றைத் தடித்த பட்டையாக இருக்கும். நம் வீட்டு அஞ்சறைப் பெட்டியில் இருப்பதை அரைத்தாலே போதும்.

தேவையான பொருட்கள்

மாவுக்கு: கோதுமை மா 500 கிராம், உடனடி ஈஸ்ட் 7 கிராம், சீனி 75 கிராம், உப்பு ஒரு தேக்கரண்டி, வெதுவெதுப்பான பால் 220 மில்லிலீற்றர், முட்டை ஒன்று, மென்மையான பட்டர் 80 கிராம், ஒரு தேசிக்காயின் தோல் துருவல்.

உள்ளே பரப்ப: வறுத்து அரைத்த கஜு 200 கிராம், சீனி 80 கிராம், கறுவாத் தூள் ஒரு தேக்கரண்டி, பாண் தூள் இரண்டு மேசைக்கரண்டி, சூடான பால் ஏறத்தாழ 100 மில்லிலீற்றர், உருக்கிய பட்டர் ஒரு மேசைக்கரண்டி, தோடம்பழச் சாறு இரண்டு மேசைக்கரண்டி.

மேலே பூச: ஒரு முட்டையின் மஞ்சட்கருவும் ஒரு மேசைக்கரண்டி பாலும், அன்னாசி அல்லது அப்ரிகொட் ஜாம் இரண்டு மேசைக்கரண்டி, ஐஸிங் சீனி 100 கிராம், தேசிக்காய்ச் சாறு ஒன்றரை மேசைக்கரண்டி.

செய்முறை

மா, ஈஸ்ட், சீனி, உப்பு, தேசிக்காய்த் துருவல் ஆகியவற்றைக் கலந்து, பாலும் முட்டையும் சேர்த்து ஐந்து நிமிடம் பிசையுங்கள். பிறகு பட்டரைச் சிறு துண்டுகளாகச் சேர்த்து மேலும் பத்து நிமிடம் பிசையுங்கள். முதலில் கையில் ஒட்டும். அதற்காக மா தூவிக்கொண்டே போகாதீர்கள், பாண் இறுகிவிடும். சிறு துண்டு மாவை விரல்களால் இழுத்துப் பார்த்தால், கிழியாமல் வெளிச்சம் தெரியும் அளவுக்கு மெல்லியதாக நீள வேண்டும். பாத்திரத்தை ஈரத்துணியால் மூடி, மா இரு மடங்காகும்வரை வையுங்கள். நமது வெப்பநிலையில் ஏறத்தாழ ஒரு மணித்தியாலம் போதும்.

அதற்கிடையில் பருப்புக் கலவையைச் செய்யலாம். எல்லாவற்றையும் கலந்து, பாலை மட்டும் சிறிது சிறிதாக ஊற்றுங்கள். கரண்டியால் பரப்பக்கூடிய பதமே சரி, வழிந்தோடக் கூடாது. பாண் தூள் எதற்கு என்று கேட்கலாம். போறணையில் சீனி உருகி நீர்க்கும்போது அந்த ஈரத்தை உறிஞ்சிக்கொள்வது அதுதான். அது இல்லையென்றால் கலவை கசிந்து தட்டில் ஒட்டிக் கருகும்.

பொங்கிய மாவைப் பலகையில் இட்டு, 45 சென்ரிமீற்றர் நீளமும் 35 சென்ரிமீற்றர் அகலமுமாக உருட்டுங்கள். ஓரத்தில் ஒரு விரல் அகலம் விட்டுக் கலவையைப் பரப்புங்கள். நீளமான பக்கத்திலிருந்து இறுக்கமாகச் சுருட்டுங்கள். கூரிய கத்தியால் நீளவாக்கில் இரண்டாகப் பிளந்து, வெட்டிய முகம் மேலே தெரியும்படி திருப்பி, ஒன்றன்மேல் ஒன்றாக மாற்றி மாற்றிப் போட்டுப் பின்னுங்கள். தங்கைக்குப் பின்னல் போட்டுப் பழகிய கைகளுக்கு இது சிரமமே இல்லை. இரு முனைகளையும் அடியில் மடித்து, கடதாசி விரித்த தட்டில் வைத்து, இன்னும் 20 முதல் 30 நிமிடம் பொங்க விடுங்கள்.

மஞ்சட்கருவைப் பூசி, முன்னரே 180 பாகைக்குச் சூடாக்கிய போறணையில் 30 முதல் 35 நிமிடம் சுடுங்கள். மேற்புறம் விரைவில் சிவந்தால் அலுமினியத் தாளால் மூடுங்கள். அடிப்பக்கத்தைத் தட்டினால் வெற்றுப் பெட்டியைத் தட்டிய ஓசை வர வேண்டும். சூடாக இருக்கும்போதே, சிறிது வெந்நீரில் தளர்த்திய ஜாமைப் பூசுங்கள். ஆறியபின் ஐஸிங் சீனியைத் தேசிக்காய்ச் சாற்றில் குழைத்துக் கோடுகளாக ஊற்றுங்கள். ஜாம் பாணின் ஈரத்தைக் காக்கும். தேசிக்காயின் புளிப்பு இனிப்பைச் சமப்படுத்தும்.

மேலே சிவந்தும் உள்ளே மாவாகவே இருந்தால் போறணையின் சூடு அதிகம் என்று பொருள். பாண் கல்லாக இருந்தால் மதுவம் பழையது, அல்லது பால் கொதித்தது, அல்லது மா கூடிவிட்டது. பின்னல் விரிந்துபோனால் இறுக்கமாகச் சுருட்டவில்லை, அல்லது இரண்டாவது முறை அதிக நேரம் பொங்கவிட்டாயிற்று. ஒவ்வொரு குறைக்கும் ஒரு காரணம் உண்டு. காரணத்தைக் கண்டால் அடுத்த முறை திருத்திக்கொள்ளலாம்.

பகிரும்போது

நமது காலநிலையில் இந்தப் பாண் மூடிய பாத்திரத்தில் இரண்டு நாள் இருக்கும். அதற்குமேல் வைப்பதென்றால் துண்டுகளாக வெட்டி உறைநிலையில் வைப்பதே நல்லது. இதில் சீனியும் கொழுப்பும் உண்டு என்பதால் நீரிழிவுள்ள பெரியவர்களுக்கு ஒரு மெல்லிய துண்டே போதும். என் உம்மும்மா அந்த ஒரு துண்டை மிக மெதுவாக உண்பார்.

நோன்பு துறக்கும் நேரத்திலோ பெருநாளிலோ அயல்வீட்டுக்குக் கொடுத்தனுப்பும்போது, உள்ளே என்ன இருக்கிறது என்பதைச் சொல்லிக் கொடுங்கள். கஜுவும் கச்சானும் சிலருக்குக் கடுமையான ஒவ்வாமையை உண்டாக்கும். மூச்சடைத்து உயிராபத்து வரையும் போகலாம். வகுப்புக்குக் கொண்டுவரும்போதும் அப்படியே. நமக்கு ஹலால் எப்படியோ, அவர்களுக்கு அது அப்படி. கேட்டு உண்ண நமக்கு உரிமை இருப்பதுபோல், கேட்கும்முன்பே சொல்லும் கடமையும் நமக்கு உண்டு.

வாப்பாவின் கேள்விக்கு இப்போது விடை சொல்லலாம். இந்தப் பாணை ஜேர்மன் பாண் ஆக்குவது றம் அல்ல. ஹேசல்நட் மட்டுமும் அல்ல. பால் மாவைப் பொறுமையாகப் பொங்க வைப்பதும், பருப்பை வறுத்து அரைத்து உள்ளே சுருட்டுவதும், வெட்டிய முகம் தெரியப் பின்னுவதுமே அதன் அடையாளம். அந்த மூன்றையும் நாம் விட்டுவிடவில்லை. விட்டது நமக்கு ஆகாததை. மாற்றியது நமக்கு எட்டாததை. எதை விடலாம், எதை விடக்கூடாது என்று தெரிந்துகொண்டால் எந்த நாட்டுச் செய்முறையையும் நமது சமையலறையில் அச்சமின்றித் திறக்கலாம். வாப்பா இரண்டாவது துண்டையும் எடுத்துக்கொண்டு, "இது சரிதான், நல்ல ஜேர்மன் பாண்" என்றார்.